மெட்டு ஒருவருடையது, சத்தம் இன்னொருவருடையது: 'இந்தியாவின் லூயி ஆம்ஸ்ட்ராங்' சிக் சாக்லேட் யார்?

1951-ல் வெளியான 'அல்பேலா' என்ற இந்திப் படத்தின் பாட்டுகள் இன்றைக்கும் யூடியூபில் ஓடிக்கொண்டிருக்கின்றன. அதில் 'தீவானா பர்வானா' என்று ஒரு பாட்டு. நாயகன் பகவான் தாதா, நாயகி கீதா பாலி. இருவரையும் விட்டுவிட்டுக் கொஞ்சம் பின்னால் பாருங்கள். லத்தீன் அமெரிக்க பாணியில், கைப்பகுதியில் அடுக்கடுக்காகக் கொசுவம் வைத்த சட்டை போட்டுக்கொண்டு ஓர் இசைக்குழு இருக்கும்.

அவர்கள் துணை நடிகர்கள் இல்லை. பம்பாயின் பெரிய ஹோட்டல்களில் வாசித்த நிஜமான ஜாஸ் குழு அது. அதன் தலைவர் பெயர் சிக் சாக்லேட். டிரம்பெட் கலைஞர், இசையமைப்பாளர். எல்லாவற்றையும் விட முக்கியமாக, பாட்டுக்கு இசைக்கருவிகளைக் கோத்துக் கொடுக்கும் 'அரேஞ்சர்'.

ஹோட்டல் வாசலில் அவர் பெயரைப் பார்த்துத்தான் கூட்டம் வந்தது. சினிமாவிலோ அவர் வேலையைக் கோடிக்கணக்கான பேர் கேட்டார்கள், பெயர் மட்டும் யாருக்கும் தெரியவில்லை. ஒரே மனிதருக்கு இது எப்படி நடந்தது? பார்க்கலாம்.

கோவாவும் புதுச்சேரியும்: ஒரே மாதிரி தொடக்கம்

சிக் சாக்லேட்டின் உண்மையான பெயர் அந்தோனியோ சேவியர் வாஸ். 1916-ல் கோவாவின் பார்டெஸ் பகுதியில் உள்ள அல்தோனா கிராமத்தில் பிறந்தார். வீட்டில் வைத்த 'சிக்கோ' என்ற செல்லப்பெயர்தான் பிறகு 'சிக்' ஆனது என்பார்கள்.

புதுச்சேரிக்காரர்களுக்கு இந்தக் கதையின் ஆரம்பம் புதிதல்ல. சுற்றிலும் பிரிட்டிஷ் இந்தியா, நடுவில் வேறொரு ஐரோப்பியக் கொடி. புதுச்சேரியில் பிரெஞ்சுக் கொடி என்றால் கோவாவில் போர்ச்சுகீசியக் கொடி. 1510 முதல் கோவா போர்ச்சுகல் கையில் இருந்தது.

1947-ல் இந்தியா சுதந்திரம் அடைந்தபோதும் இந்த இரண்டு ஊர்களுக்கும் அது வரவில்லை. புதுச்சேரியில் 1954 அக்டோபர் 18-ல் கீழூரில் வாக்கெடுப்பு நடந்தது. 178 பேரில் 170 பேர் இந்தியாவோடு இணைய ஆதரவு சொன்னார்கள். நவம்பர் 1-ல் நிர்வாகம் கைமாறியது. கோவாவுக்கு 1961 டிசம்பர் வரை காத்திருக்க வேண்டியிருந்தது, அதுவும் ராணுவம் போன பிறகுதான்.

ஆக, கணக்குப்படி பார்த்தால் சிக் சாக்லேட் பிறந்தது போர்ச்சுகல் நாட்டின் குடிமகனாக. இந்திய சினிமாவின் சத்தத்தையே மாற்றியவர்களில் ஒருவர் வாழ்க்கையின் பெரும்பகுதி அப்படித்தான் இருந்தார்.

கிராமத்துக் கோயில் பள்ளி கொடுத்த சொத்து

கோவாவில் போர்ச்சுகீசியர்கள் விட்டுச் சென்றவற்றில் முக்கியமானது ஒன்று உண்டு. மாதா கோயில்களை ஒட்டி நடந்த பங்குப் பள்ளிகள். எழுத்தும் ஜெபமும் சொல்லிக் கொடுத்த அதே இடத்தில் இசையும் சொல்லிக் கொடுத்தார்கள். கோயில் பாடகர் குழுவுக்கு ஆள் வேண்டும், திருவிழாவுக்கு பேண்டு வேண்டும். அதற்காகக் கிராமத்துப் பையன்களுக்கு ஐந்து கோடு போட்ட ஸ்டாஃப் நோட்டேஷனைப் படிக்கவும், வயலின், டிரம்பெட் வாசிக்கவும் பழக்கினார்கள்.

புதுச்சேரி சம்பா கோயிலில் பெரிய பூசையின்போது பாடகர் குழு பாடுவதைக் கேட்டவர்களுக்கு இது புரியும். எல்லாரும் ஒரே ஸ்வரத்தைப் பாட மாட்டார்கள். பெண்கள் மேலே ஒன்று, ஆண்கள் கீழே ஒன்று, நடுவில் இன்னும் இரண்டு. நான்கும் சேர்ந்து ஒன்றாக ஒலிக்கும். இதற்குப் பெயர் ஹார்மனி.

நம் கர்நாடக சங்கீதமும் இந்துஸ்தானியும் ஒற்றை இழையாக ஓடுகிறவை. பாடகர் போகிற பாதையில் வயலின் பின்தொடரும். மேற்கத்திய இசை பல இழைகளை ஒரே நேரத்தில் நெய்வது. அந்த நெசவை எழுதத் தெரிந்தவர்கள் அன்றைய இந்தியாவில் ரொம்பக் குறைவு. கோவாக் கிராமங்களில் மட்டும் அவர்கள் நிறைய இருந்தார்கள்.

சிக்கும் அப்படி ஒரு பள்ளியில்தான் இசையைத் தொட்டார். பையன் மெக்கானிக் ஆகி நாலு காசு சம்பாதிக்கணும் என்பது அம்மாவின் ஆசை என்று சொல்லப்படுகிறது. பையனுக்கோ டிரம்பெட்தான் எல்லாம்.

இசை தெரிந்தவர்கள் நிறைய, ஊரில் வேலை கொஞ்சம். அதனால் கோவாக்காரர்கள் கிளம்பினார்கள். பேசாப் படம் ஓடிய தியேட்டர்களில் திரைக்கு முன்னால் உட்கார்ந்து வாசித்தார்கள். மகாராஜாக்களின் பேண்டு, கப்பல், ரயில்வே கிளப், ஹோட்டல் என்று எங்கே மேற்கத்திய இசை தேவைப்பட்டதோ அங்கெல்லாம் இருந்தார்கள். பெரும்பாலானவர்களுக்கு முதல் நிறுத்தம் பம்பாயின் தோபி தலாவ் பகுதி. ஒவ்வொரு கோவாக் கிராமத்துக்கும் அங்கே 'குட்' என்ற பெயரில் தங்கும் விடுதி இருந்தது. ஊர்க்காரன் என்றால் படுக்க இடம் கிடைக்கும்.

சிக் இன்னும் தூரம் போனார். செட்டிநாட்டுக்காரர்கள் வட்டிக்கடை வைத்திருந்த அதே ரங்கூனிலும், வெள்ளைக்காரர்கள் வெயிலுக்கு ஒதுங்கிய முசோரி மலையிலும் வாசித்தார்.

ஜாஸ் பம்பாய்க்கு எப்படி வந்தது?

ஜாஸ் பிறந்தது அமெரிக்காவின் நியூ ஆர்லியன்ஸ் நகரில், அடிமை வாழ்க்கையிலிருந்து மீண்ட கறுப்பின மக்களிடம். அதன் உயிர் மேடையிலேயே கற்பனை செய்து வாசிப்பதில் இருக்கிறது. நம்ம ஊர் மொழியில் சொன்னால் மனோதர்மம். ராகம் கையில் இருக்கும், அதை எப்படி விரிப்பது என்பது அந்த நிமிடத்தில் முடிவாகும். 1958-ல் அமெரிக்க ஜாஸ் பியானோ கலைஞர் டேவ் புரூபெக் சென்னை வந்தபோது மிருதங்க மேதை பழனி சுப்பிரமணிய பிள்ளையோடு சேர்ந்து வாசிக்க முடிந்ததற்கும் காரணம் இந்த ஒற்றுமைதான்.

ஆனால் பம்பாய்க்கு ஜாஸ் வந்தது அதற்கு வெகு முன்னால். 1935-ல் அமெரிக்க வயலின் கலைஞர் லியோன் ஆபி, கறுப்பினக் கலைஞர்கள் மட்டுமே கொண்ட குழுவோடு தாஜ் மஹால் ஹோட்டலுக்கு வந்தார். அடுத்தடுத்து கிரிக்கெட் ஸ்மித், டெடி வெதர்ஃபோர்டு போன்றவர்கள் வந்தார்கள். சொந்த நாட்டில் நிறவெறியால் பின்வாசல் வழியாக நுழைய வேண்டியிருந்த கலைஞர்களுக்கு இங்கே ஹோட்டலின் நடுமேடை கிடைத்தது.

இவர்களோடு பக்கத்தில் உட்கார்ந்து வாசித்தவர்கள்தான் கோவாக்காரர்கள். நோட்டேஷன் ஏற்கெனவே கையில் இருந்தது. தாளில் இல்லாததை வாசிப்பது எப்படி என்பதை அமெரிக்கர்களிடம் பிடித்துக்கொண்டார்கள்.

பிறகு இரண்டாம் உலகப் போர் வந்தது. வெளிநாட்டுக் கலைஞர்கள் பலர் ஊர் திரும்பினார்கள். வெதர்ஃபோர்டு இங்கேயே தங்கி, 1945-ல் கல்கத்தாவில் காலராவில் இறந்துபோனார். இன்னொரு பக்கம் துறைமுகத்தில் பிரிட்டிஷ், அமெரிக்க சிப்பாய்கள் குவிந்தார்கள். நடனத்துக்கு இசை வேண்டும், வாசிக்க அமெரிக்கர் இல்லை. அந்த இடம் காலியாக இருந்தது.

தாஜ் மேடையில் ஒரு கைக்குட்டை

அந்த இடத்துக்குத்தான் சிக் வந்தார். அவருடைய குழுவின் பெயர் 'சிக் அண்ட் தி மியூசிக் மேக்கர்ஸ்'. முதலில் தாஜுக்குப் பக்கத்திலேயே இருந்த கிரீன்ஸ் ஹோட்டல் ஒப்பந்தத்தைப் பல குழுக்களோடு போட்டி போட்டு வாங்கினார்கள். இன்று தாஜ் டவர் நிற்கும் இடம்தான் அன்றைய கிரீன்ஸ். 1940-களின் நடுவில் தாஜ் மேடையே கிடைத்தது.

சிக்கின் தெய்வம் லூயி ஆம்ஸ்ட்ராங். ஜாஸ் உலகின் மிகப்பெரிய டிரம்பெட் கலைஞர். கரகரப்பான குரல், கையில் எப்போதும் வெள்ளைக் கைக்குட்டை, நடுவில் அர்த்தமில்லாத சொற்கட்டுகளை அள்ளிவிட்டுப் பாடுவது என்று அவருக்குத் தனி முத்திரை. கடைசியாகச் சொன்னதற்கு 'ஸ்காட்' என்று பெயர். நம்ம கொன்னக்கோல் கேட்டவர்களுக்கு அந்த ருசி தெரியும்.

சிக் இதையெல்லாம் கைக்குட்டை உட்பட அப்படியே எடுத்துக்கொண்டார். ரசிகர்களும் பத்திரிகைகளும் அவரை 'இந்தியாவின் லூயி ஆம்ஸ்ட்ராங்' என்றே அழைத்தார்கள். அந்தப் பட்டம் பெருமைதான். அதே சமயம் ஒரு கலைஞரை இன்னொருவரின் நிழலாகவே பார்க்க வைக்கும் பட்டமும் கூட. மேடையில் அடுத்தவர் மாதிரி வாசித்துப் பெயர் வாங்கிய அவர், தனக்கென்று ஒரு சத்தத்தை உருவாக்கிய இடம் வேறு. அதைப் பிறகு பார்ப்போம்.

1947 ஆகஸ்ட் 14 இரவு. நள்ளிரவில் சுதந்திரம். தாஜ் ஹோட்டலிலும் கொண்டாட்டம், நடனம். அங்கே வாசித்த குழுக்களில் சிக்கின் குழுவும் ஒன்று. இந்தியா விடுதலையான இரவுக்கு இசை கொடுத்தவரின் சொந்தக் கிராமத்தில் அந்த விடியல் வர இன்னும் 14 ஆண்டுகள் பாக்கி இருந்தன.

மதுவிலக்கு மாற்றிய பாதை

சுதந்திரத்துக்குப் பிறகு ஹோட்டல் இசைக்குக் கெட்ட காலம். வெள்ளைக்கார அதிகாரிகள் கப்பலேறினார்கள். மகாராஜாக்களின் சமஸ்தானங்கள் இந்தியாவோடு இணைந்தன, அரண்மனை பேண்டுகள் கலைந்தன. 1949-ல் பம்பாய் மாகாணம் மதுவிலக்குச் சட்டம் போட்டது, அடுத்த ஆண்டே முழு மதுவிலக்கு அமலானது.

மதுவிலக்கு ஒரு எல்லைக்கோட்டின் இரண்டு பக்கத்தையும் எப்படி மாற்றும் என்பது புதுச்சேரிக்கு நன்றாகவே தெரியும். சென்னை மாகாணம் 1948-ல் முழுவதும் மதுவிலக்குக்கு வந்தபோது, பிரெஞ்சு ஆட்சியில் இருந்த புதுச்சேரியில் அது கிடையாது. பம்பாயில் நடந்தது இதன் மறுபக்கம். பார் மூடினால் நடன அரங்கு காலி. நடன அரங்கு காலியானால் பத்துப் பேருக்கு மேல் இருக்கும் இசைக்குழுவுக்குச் சம்பளம் யார் கொடுப்பார்?

வாத்தியங்களோடு நின்ற கோவாக்காரர்களுக்கு அப்போது கதவு திறந்தது ஒரே ஒரு தொழில். சினிமா. பின்னணிப் பாடல் முறை வேரூன்றி, ஒரு பாட்டுக்குப் பத்து வாத்தியம் போதாது, முப்பது வேண்டும் என்று இசைக்குழுக்கள் பெருத்துக்கொண்டிருந்த நேரம் அது. காலையில் ஸ்டூடியோ, இரவில் ஹோட்டல் என்று பலருடைய நாள் இரண்டாகப் பிரிந்தது.

அரேஞ்சர் அப்படின்னா என்ன?

இங்கேதான் சிக்கின் முக்கியமான வேலை தொடங்குகிறது. ஒரு பாட்டு எப்படி உருவானது என்று படிப்படியாகப் பார்த்தால் எளிதாகப் புரியும்.

முதலில் இசையமைப்பாளர் ஆர்மோனியத்தை வைத்துக்கொண்டு மெட்டைப் பாடிக் காட்டுவார். அன்றைய இந்தி இசையமைப்பாளர்கள் பெரும்பாலும் இந்துஸ்தானி பயிற்சியில் வந்தவர்கள். மெட்டு அவர்கள் தலையில் இருக்கும், தாளில் இருக்காது.

அடுத்து அரேஞ்சர் அதைக் காதில் வாங்கி ஐந்து கோட்டுத் தாளில் எழுதுவார். பாட்டு எந்த வாத்தியத்தோடு தொடங்க வேண்டும், பல்லவிக்கும் சரணத்துக்கும் நடுவில் என்ன வரும், பாடகி மூச்சு வாங்கும் இடத்தில் டிரம்பெட் பதில் சொல்லுமா, வயலின்கள் அடியில் என்ன செய்துகொண்டிருக்கும் என்பதெல்லாம் இந்தக் கட்டத்தில் முடிவாகும். இசையமைப்பாளர் சில இடங்களில் தன் யோசனையைச் சொல்வார். பல இடங்களை அரேஞ்சரிடமே விட்டுவிடுவார்.

பிறகு ஒவ்வொரு வாத்தியத்துக்கும் தனித்தனியாகப் பிரதி எழுத வேண்டும். வயலின்காரர் முன்னால் வயலின் வரி மட்டும் இருக்கும், சாக்ஸஃபோன்காரர் முன்னால் அவருடைய வரி மட்டும்.

கடைசியாக ஒலிப்பதிவு. இன்றைக்கு மாதிரி ஒவ்வொன்றையும் தனியாகப் பதிவு செய்து கணினியில் ஒட்டும் வசதி கிடையாது. ஓரிரண்டு மைக், எல்லாரும் ஒரே அறையில், ஒரே மூச்சில். முப்பதாவது ஆள் ஒரு ஸ்வரம் தவறினால் மொத்தப் பேரும் முதலிலிருந்து ஆரம்பிக்கணும். எழுதிய தாள் சரியாக இருந்தால்தான் அன்றைய வேலை முடியும்.

சுருக்கமாகச் சொன்னால், நாம் முணுமுணுப்பது மெட்டு. அது ரேடியோவில் தொடங்கிய முதல் இரண்டு நொடியிலேயே எந்தப் பாட்டு என்று கண்டுபிடிக்கிறோமே, அந்த இரண்டு நொடி பெரும்பாலும் அரேஞ்சரின் கைவண்ணம்.

தமிழில் தொடங்கிய கூட்டணி

சிக் நெருக்கமாக வேலை பார்த்த இசையமைப்பாளர் சி.ராமச்சந்திரா. மராட்டியர். ஆனால் அவர் இசையமைப்பாளராக அறிமுகமானது தமிழ்ப் படங்களில் என்பது நம்மில் பலருக்குத் தெரியாது. 'ஜெயக்கொடி', 'வனமோகினி' என்ற இரண்டு படங்கள். 1941-ல் வந்த 'வனமோகினி'யில் எம்.கே.ராதாவும் இலங்கையிலிருந்து வந்த கே.தவமணி தேவியும் நடித்தார்கள். படத்தை இயக்கியவர் பகவான் தாதா. ஆமாம், பத்து வருடம் கழித்து 'அல்பேலா' எடுத்து நடித்த அதே பகவான்தான்.

தமிழோடு ராமச்சந்திராவின் தொடர்பு அதோடு முடியவில்லை. 'மலைக்கள்ளன்' கதையை கோவை பட்சிராஜா ஸ்டூடியோவின் ஸ்ரீராமுலு நாயுடு 1955-ல் இந்தியில் 'ஆசாத்' என்று எடுத்தபோது, மொத்தப் பாட்டையும் ஒரே மாதத்துக்குள் முடித்துக் கொடுத்தவர் இவர். 1958-ல் எஸ்.எஸ்.வாசனின் 'வஞ்சிக்கோட்டை வாலிப'னில் பத்மினியும் வைஜெயந்திமாலாவும் போட்டி போட்டு ஆடுவார்களே, அந்தப் பாட்டுக்கும் இசை ராமச்சந்திராதான்.

மேற்கத்திய சத்தத்தை இந்திப் பாட்டுக்குள் துணிச்சலாகக் கொண்டுவந்தவர்களில் அவர் முன்னோடி. 1940-களின் கடைசியிலேயே அவர் பாட்டுகளில் கிடார், போங்கோ, சாக்ஸஃபோன் எல்லாம் துள்ளின. இதற்கு ஜாஸ் தெரிந்த கை ஒன்று பக்கத்தில் வேண்டும். சிக் அவருடைய உதவியாளர் ஆனார்.

மேடையில் சிக் ஆம்ஸ்ட்ராங்கைப் பின்பற்றினார். ஸ்டூடியோவில் பின்பற்ற ஆளே கிடையாது. ராகத்தில் வளைந்து வரும் மெட்டு, அதன் அடியில் நியூ ஆர்லியன்ஸ் ஊதல், கூடவே கியூபா, பிரேசில் பக்கத்துத் தாளம், நடுவில் டோலக். இந்தக் கலவைக்கு உலகில் எங்கேயும் முன்மாதிரி இல்லை. ஹிந்திக்காரருக்கு ஜாஸ் மாதிரியும், ஜாஸ் கேட்டவருக்கு ஹிந்திப் பாட்டு மாதிரியும் இருந்த அந்தச் சத்தத்தைச் சிக் மாதிரியான ஆட்கள் தாளில் எழுதி எழுதித்தான் கண்டுபிடித்தார்கள்.

'அல்பேலா' அதன் உச்சம். படம் பிரமாண்ட வெற்றி, அதற்குப் பாட்டுகள் பெரிய காரணம். தமிழிலும் 'நல்ல பிள்ளை' என்று டப் ஆகி வந்தது. உதவியாளரின் வேலை பிடித்துப்போய் ராமச்சந்திரா தந்த மரியாதைதான் தொடக்கத்தில் சொன்ன அந்தத் திரைக்காட்சி. குழுவை மறைக்காமல் கேமரா முன்னால் நிறுத்தினார்கள்.

இன்னொரு பெரிய இசையமைப்பாளரான மதன் மோகனுக்கும் சிக் உதவியாளராக இருந்தார். கஜல் மன்னர் என்று பெயர் எடுத்த மதன் மோகனின் இசையில், 1956-ல் வந்த 'பாயி பாயி' படத்தில் ஒரு துள்ளல் பாட்டு உண்டு. கீதா தத் பாடியது. அதைக் கேட்டால் கிளப் மேடையின் வாசனை தெளிவாக அடிக்கும்.

சொந்தப் பெயரில் எத்தனை படம்?

திறமை இருக்கிறது, ஹிட் இருக்கிறது. தனியாக இசையமைக்க வேண்டியதுதானே என்று கேட்கலாம். சிக் முயன்றார். 1951-ல் தேவ் ஆனந்த், மதுபாலா நடித்த 'நாதான்', 1952-ல் 'ரங்கீலி', 1956-ல் நிசார் பஸ்மியோடு சேர்ந்து 'கர் பலா'. தனி இசையமைப்பாளராக அவர் பெயர் வந்த படங்களை விரல் விட்டு எண்ணிவிடலாம். எதுவும் 'அல்பேலா' ஆகவில்லை.

இது சிக்கின் கதை மட்டும் இல்லை. சங்கர்-ஜெய்கிஷன் பாட்டுகளுக்குப் பின்னால் செபாஸ்டியன் டிசோசா இருந்தார். பல இசையமைப்பாளர்களுக்குப் பின்னால் ஃபிராங்க் ஃபெர்னாண்டும் அந்தோணி கோன்சால்வஸும் இருந்தார்கள். எல்லாருமே கோவாக்காரர்கள்.

அந்தோணி கோன்சால்வஸ் என்ற பெயரை எங்கேயோ கேட்ட மாதிரி இருக்கிறதா? 1977-ல் 'அமர் அக்பர் அந்தோணி' படத்தில் அமிதாப் பச்சன் முட்டைக்குள்ளிருந்து வெளியே வந்து பாடுவாரே, அந்தப் பெயர்தான். இசையமைப்பாளர்கள் லட்சுமிகாந்த்-பியாரேலால். பியாரேலாலுக்கு வயலின் சொல்லிக்கொடுத்த குரு நிஜமான அந்தோணி கோன்சால்வஸ். சிஷ்யன் செலுத்திய நன்றி அது. ஆனால் நாடே பாடிய அந்தப் பெயருக்கு உயிரோடு ஒரு சொந்தக்காரர் இருக்கிறார் என்பது ரசிகர்கள் பலருக்குத் தெரியாது. கற்பனைப் பாத்திரம் என்றே நினைத்தார்கள்.

தமிழ்நாட்டிலும் இதே கதை நடந்திருக்கிறது. இளையராஜாவுக்கு மேற்கத்திய இசை கற்றுக்கொடுத்த தன்ராஜ் மாஸ்டரை இன்று எத்தனை பேருக்குத் தெரியும்? ஏ.ஆர்.ரகுமானின் அப்பா ஆர்.கே.சேகர், சென்னையில் இருந்துகொண்டு மலையாள சினிமாவின் பெரிய இசையமைப்பாளர்களுக்கெல்லாம் அரேஞ்சராக உழைத்தவர். 1976-ல் 43 வயதில் இறந்தார். மகன் உலகப் புகழ் பெற்ற பிறகுதான் அப்பாவின் பெயரைப் பலரும் தேடினார்கள்.

சட்டம் என்ன சொல்கிறது?

டைட்டிலில் உதவியாளர் என்று ஒரு வரி போட்டால் போதாதா, இதில் என்ன பெரிய நஷ்டம் என்று தோன்றலாம். பெயர் என்பது வெறும் பெருமை இல்லை, அது காசும் கூட.

இந்தியக் காப்புரிமைச் சட்டம் 1957-ல் வந்தது. அதில் இசையமைப்பாளர் யார் என்பதற்கு ஒரு விளக்கம் உண்டு. இசையை உருவாக்கியவர்தான் இசையமைப்பாளர், அதை அவர் நோட்டேஷனாக எழுதியிருக்கணும் என்ற கட்டாயமில்லை. நியாயமான விளக்கம்தான். நோட்டேஷன் எழுதாத நம் மரபுக்கு அது தேவை.

ஆனால் எழுதிக்கொடுத்தவர் நிலை? ஒரு இசைக்கு 'அரேஞ்ச்மெண்ட்' செய்வதைச் சட்டம் தழுவல் என்ற வகையில் வைக்கிறது. அதற்கு அனுமதி தரும் உரிமை மூல இசையின் உரிமையாளரிடம் இருக்கிறது. 2012-ல் வந்த திருத்தம், பாடலாசிரியர்களுக்கும் இசையமைப்பாளர்களுக்கும் விட்டுக்கொடுக்க முடியாத ராயல்டி உரிமையைத் தந்தது. பாட்டு எஃப்.எம்-ல் ஓடினாலும், விளம்பரத்தில் வந்தாலும் அவர்களுக்குப் பங்கு உண்டு. கூலிக்கு உட்கார்ந்து இடையிசை எழுதியவருக்கு அந்த நாளைய சம்பளத்தோடு கணக்கு முடிந்தது.

சிக் காலத்தில் இந்தக் கேள்வியே எழவில்லை. வேலை பேசப்பட்டது, பணம் கைக்கு வந்தது, தாள்கள் குப்பைக்குப் போயின. ஸ்டூடியோக்களில் பிரதி எடுத்த அந்த நோட்டேஷன் தாள்களைப் பாதுகாக்க வேண்டும் என்று யாரும் நினைக்காததால், யார் எந்தப் பாட்டில் எதை எழுதினார் என்பதற்கு இன்று எழுத்துச் சான்று மிகக் குறைவு. 2008-ல் வெளியான கிரெகரி பூத்தின் ஆய்வு நூல், பிறகு பம்பாய் ஜாஸ் பற்றி நரேஷ் பெர்னாண்டஸ் எழுதிய 'தாஜ் மஹால் ஃபாக்ஸ்ட்ராட்' போன்றவை வந்த பிறகுதான் இந்தப் பெயர்கள் வெளிச்சத்துக்கு வந்தன. அதற்குள் அந்தத் தலைமுறையில் பலர் போய்ச் சேர்ந்திருந்தார்கள்.

கடைசி முறை கேமரா முன்னால்

சிக்குக்குத் திரையில் இன்னொரு வாய்ப்பும் கிடைத்தது. 1966-ல் சேத்தன் ஆனந்த் இயக்கிய 'ஆக்ரி கத்'. பின்னாளில் சூப்பர் ஸ்டார் ஆன ராஜேஷ் கன்னாவின் முதல் படம். இசை கய்யாம். அதில் வரும் நைட் கிளப் பாட்டை பூபிந்தர் சிங் பாடித் திரையிலும் தோன்றுவார். அவரோடு டிரம்பெட் வாசித்துக்கொண்டு ஒரு நடுத்தர வயது மனிதர் இருப்பார். அவர் சிக்.

'அல்பேலா'வில் கொசுவச் சட்டை, இதில் அமைதியான கிளப் வெளிச்சம். நடுவில் 15 ஆண்டுகள். அதற்குள் ஜாஸின் காலம் மங்கி ராக் இசை வந்திருந்தது. கிடார் முன்னால் வந்தது, டிரம்பெட் பின்னால் போனது.

அடுத்த ஆண்டு, 1967 மே மாதம், சிக் சாக்லேட் பம்பாயில் காலமானார். வயது ஐம்பதை ஒட்டி இருந்தது. அவர் பிறந்த அல்தோனா அப்போது இந்தியாவின் பகுதியாகி ஐந்தரை ஆண்டுகள் ஆகியிருந்தன.

இன்றைக்கு இதை ஏன் தெரிந்துகொள்ளணும்?

மொபைலில் ஒரு பாட்டை ஓட விட்டால் திரையில் மூன்று பெயர் வரும். பாடியவர், எழுதியவர், இசையமைத்தவர். இன்றும் ஒரு பாட்டுக்குப் பின்னால் புரோகிராமர், அரேஞ்சர், வாத்தியக் கலைஞர்கள் என்று நிறைய பேர் இருக்கிறார்கள். இப்போது சில இசையமைப்பாளர்கள் ஆல்பத்தோடு அத்தனை பெயரையும் வெளியிடுகிறார்கள். நல்ல மாற்றம். ஆனால் பெரும்பாலான செயலிகளில் அந்தப் பட்டியலைப் பார்க்க இரண்டு மூன்று முறை தட்டித் தேட வேண்டும்.

சிக் சாக்லேட்டுக்கு அந்த வசதியும் இல்லை. அவருடைய வேலையைக் கேட்க விரும்பினால் செய்ய வேண்டியது ஒன்றுதான். 'அல்பேலா' பாட்டு ஒன்றைப் போடுங்கள். லதா மங்கேஷ்கர் பாடும் வரியை விட்டுவிட்டு, அவர் வரியை முடிக்கும் இடத்துக்கு அடுத்த நொடியைக் கேளுங்கள். அங்கே பதில் சொல்லும் வாத்தியங்கள்தான் அல்தோனா கோயில் பள்ளியில் நோட்டேஷன் படித்த அந்தப் பையன் விட்டுச் சென்ற கையெழுத்து.